மழை பெய்தால் தெரிகிற பெண்கள்

சித்தூர் ரோட்டில் ஒரு வீட்டுக்கு வெள்ளையடிக்கச் சுண்ணாம்பு கரைத்துக்கொண்டிருந்தேன். பொதட்டூர்பேட்டை பஸ் எனக்கு நேராக வேகம் குறைத்தது. படியில் நின்ற கண்டக்டர், “யம்மோவ், முனிரத்தினம் பாவா பூட்டாரு. காலைலதான்” என்றார். பஸ் போய்விட்டது. வாளியில் சுண்ணாம்பு கொதித்துக்கொண்டே இருந்தது. நான் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

திருத்தணியில் பாவாவைத் தெரியாதவர்கள் இருக்கலாம், அவர் சுவர்களைத் தெரியாதவர்கள் இருக்க முடியாது. கட்சிகளுக்குச் சுவரெழுத்து எழுதிக்கொண்டிருந்தவர், ஒரு நாள் அதை விட்டுவிட்டு ஊர்ச் சுவர்களில் படம் போட ஆரம்பித்தார். உங்களில் பலரைப் போல, மச்சான் முறை எதுவும் இல்லாமலே நானும் பாவா என்றுதான் கூப்பிட்டேன். அவர் வரையும் சுவருக்கு முதலில் வெள்ளையடித்துக் கொடுப்பது என் வேலை. அதனால் என்னை “வெள்ளைக்காரி” என்பார். என் நிறத்துக்கு அந்தப் பேரா என்று டீக்கடையே சிரிக்கும். எனக்குப் பிடித்திருந்தது.

ஸ்டேஷனுக்குப் போகும் வழியில் ஒரு மொட்டைச் சுவரில் திறந்த ஜன்னல் ஒன்று வரைந்தார். அதில் ஒரு நீலத் திரை மட்டும் பறந்துகொண்டிருக்கும். சித்திரை வெயிலில் மலை இறங்கி வருகிற ஆந்திரா ஜனங்கள், புது மொட்டையில் சந்தனம் காயக் காய, அதன் கீழே போய் நிற்பார்கள். காற்று வருகிறதாம். நானும் நின்று பார்த்தேன். வந்தது.

பஸ் ஸ்டாண்டு பக்கத்து நெல் குடோன் சுவர்தான் அவருடைய பெரிய வேலை. ஆண்கள் ஒன்றுக்குப் போக ஒதுங்குகிற சந்து அது. பெண்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுவோம். சாமி படம் போட்டால் அடங்குவார்கள் என்று எல்லோரும் சொன்னோம். பாவாவுக்குக் கோபம் வந்துவிட்டது.

“முருகன் மேல நிம்மதியா உக்காந்துகினு இருக்காரு. அவர இந்த நாத்தத்துக்கு வாட்ச்மேனா போடுவியா?”

சுவர் நெடுக, பஸ்ஸுக்குக் காத்திருக்கிற பெண்களை ஆளுயரத்துக்கு வரைந்தார். கரும்பு வெட்டப் போகிறவர்கள், திருவாலங்காட்டு டீச்சர், லுங்கி மூட்டையோடு ஒருத்தி, கடைசியில் சுண்ணாம்பு அடிக்கிற மட்டையோடு நான். எல்லோரும் நேராகப் பார்த்தோம். அப்புறம் எந்த ஆணும் அங்கே ஒதுங்கவில்லை. பெண்கள் நிழலுக்கு நிற்கத் தொடங்கினார்கள். மார்கழிப் பனியில் எது ஆள், எது படம் என்று தெரியாது. நானே ஒருமுறை படத்திடம் மணி கேட்டிருக்கிறேன்.

பிறகு குடோன்காரர் வீட்டில் மகளுக்குக் கல்யாணம் வந்தது. சுவர் வெள்ளையாக இருக்கவேண்டும் என்று என்னைத்தான் கூப்பிட்டார். வேலை வேண்டாமென்று சொல்கிற நிலையில் நான் இல்லை. என் முகத்தின் மேலும் நானே மட்டையை இழுத்தேன். பாவா வந்து எதிரே நின்றார். திட்டுவார் என்று நினைத்தேன்.

“அடி, அடி. அது உன் வேல” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

ஐப்பசியில் மழை பிடித்தது. சுண்ணாம்பு நனைய நனைய, அதற்குள்ளிருந்து பெண்கள் ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். வெயில் வந்ததும் போய்விட்டார்கள். பாவா தொப்பலாக நனைந்து என் வீட்டுக்கு ஓடிவந்தார்.

“வெள்ளைக்காரி! வேணும்னே ஒரே பூச்சோட வுட்டியா?”

“ஆங்” என்றேன்.

“நான் போட்டது பாதி படம். மீதி அவ போட்டது” என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார்.

அவரை அறிந்தவர்களே, உங்களிடமாவது சொல்லிவிடுகிறேன். அது வேண்டுமென்று செய்ததில்லை. அன்று சுண்ணாம்பு தீர்ந்துவிட்டது. கல்யாண அவசரத்தில் குடோன்காரரும் கவனிக்கவில்லை. பாவாவின் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்து ஆங் என்று சொன்னவள், கடைசிவரை அதைத் திருத்தவே இல்லை. அவர் புகழ்ந்த ஆள் நான் இல்லை என்பது இத்தனை வருஷமும் என்னை அரித்தது.

பாவாவுக்குக் காரியம் முடிந்த மறுநாள் குடோன்காரரின் மகன் வந்தார். பழைய பூச்சு மழையில் கரைந்து திட்டுத் திட்டாகப் போயிருந்தது. “இந்த வாட்டி ரெண்டு பூச்சா நல்லா கெட்டியா அடிச்சிடும்மா” என்று மூட்டை மூட்டையாகச் சுண்ணாம்பு இறக்கினார்.

பாவா என்னைப் பற்றித் தப்பாக நம்பிய அந்த ஒன்றைத்தான் நான் வைத்துக்கொண்டிருக்கிறேன். சுண்ணாம்பை நீர்க்கக் கரைத்து, ஒரே பூச்சு அடித்தேன். சாயங்காலம் வீட்டுக்குக் கிளம்பும்போது மூன்று மூட்டை பிரிக்காமலே மீதி இருந்தது.