மாடம்பாக்கத்தில் எடுத்த சாவு வீடு

செம்பாக்கத்தில் ஒரு மொட்டை மாடியில் நான் தொடங்கிய நாடகக் குழுவில் எல்லோரும் கல்லூரிப் பிள்ளைகள். பேச்சு கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும், அழுகையும் கேட்க வேண்டும் என்று பல வருடம் அதட்டியே பழக்கியிருந்தேன். சினிமா வாய்ப்பு வந்து அவர்களையே நடிக்க வைத்தபோதுதான் அதன் பலன் தெரிந்தது.

முதல் நாளே சாவு வீட்டுக் காட்சி. மாடம்பாக்கத்தில் ஒரு பெரியவர் தன் வீட்டைக் கொடுத்தார். ஊரின் பழைய குடும்பம். வயலெல்லாம் மனைகளான பிறகு சிமெண்ட் கடை வைத்திருந்தார். வாசலில் ஷாமியானா போட்டோம். ஐஸ் பெட்டிக்குள் எங்கள் நடிகன் ஒருவன் நரைத்த தலையும் மூக்கில் பஞ்சுமாகப் படுத்துக்கொண்டான். மற்றவர்கள் சுற்றி உட்கார்ந்து அழுதார்கள்.

"சார், தாம்பரம் ஸ்டேஷன் வரைக்கும் கேக்கும். கொஞ்சம் கம்மியா அழச் சொல்லுங்க," என்றார் கேமராமேன்.

அடுத்த டேக் ஓடும்போது ரோஜா மாலையோடு ஒருவர் விறுவிறுவென்று உள்ளே வந்தார். யாரையும் பார்க்கவில்லை, பெட்டிக்குள் இருந்த முகத்தைக்கூட. பெட்டியைக் கட்டிக்கொண்டு, "பேசாமலே போய்ட்டியே மாமா," என்று தோள் குலுங்க அழுதார். என் குழுவில் ஒருவரும் அப்படி அழுததில்லை. நிறுத்தப்போன கேமராமேனின் முழங்கையைப் பிடித்துக்கொண்டேன்.

வீட்டுக்காரர் டீ கிளாஸோடு உள்ளேயிருந்து வந்தார். "இன்னா மச்சான், யாருக்கு மாலை?"

வந்தவர் அவர் மனைவியின் தம்பி, கேளம்பாக்கத்துக்காரர். ஓர் எல்லைச் சுவர் தகராறில் இருவருக்கும் வருடக்கணக்காகப் பேச்சில்லை. அக்கா வீட்டு வாசலில் ஷாமியானா நிற்கிறது என்று யாரோ போனில் சொல்லியிருக்கிறார்கள்.

"உயிரோட கீறியா நீ?"

"ஏன், வருத்தமா?"

பெட்டிக்குள் இருந்தவன் அடக்கமுடியாமல் சிரித்துவிட்டான். பிணம் சிரித்ததும் மச்சான் பின்வாங்கிக் கம்பத்தில் இடித்துக்கொண்டார். மாலையைத் திரும்ப எடுத்துக்கொண்டு கிளம்பியவரை அக்காதான் கையைப் பிடித்து உட்கார வைத்து இட்லி போட்டார்.

"சாப்ட்டுட்டு கோவப்படு."

அவர் இரண்டாவது ஈடு இட்லிக்கு வந்ததும், அந்தக் காட்சியைப் படத்தில் வைத்துக்கொள்ளலாமா என்று தயங்கிக் கேட்டேன்.

"அது அழுகை இல்ல சார், தூசி. வெச்சிக்கோங்க. ஆனா இந்த ஆளாண்ட காட்டாதீங்க."

'இந்த ஆள்' அதற்குள் மானிட்டர் முன்னால் நாற்காலி போட்டுவிட்டிருந்தார். "இன்னொரு வாட்டி போடுங்க சார்." மதியம் வரை போட்டுக் காட்டினோம். நடுவில் ஒருமுறை மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார்.

படம் சுமாராகத்தான் போனது. பார்க்க இருவரும் ஒரே வண்டியில் வந்தார்கள். என் இரண்டாவது படச் செய்தி வெளியானதும் மச்சான் போன் செய்தார்.

"சாவு சீன் எதனா கீதா சார்?"

கல்யாணக் காட்சிதான் இருக்கிறது என்றேன்.

"பொண்ணுக்குத் தாய்மாமன் வேணுமில்ல? அங்கயும் அழுவலாம் சார்," என்றார்.