டல்சி அக்காளின் கசப்புக்கொடி

டல்சி அக்காளை எங்கள் ஊரில் புழுக்காரி என்றுதான் சொல்வார்கள். சர்ச்சில் அவள் வந்து உட்கார்ந்தால் பக்கத்துப் பெண்கள் பாவாடையை இழுத்துக்கொண்டு நகர்வார்கள். அவள் வளர்க்கும் புழு எந்த நாளும் அவர்கள் தோட்டத்தில் ஓர் இலையைக் கடித்ததில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

கணவன் செத்த வருடம், அவன் பங்கு நிலத்தில் எண்ணெய்ப்பனை வை என்று ஊரே சொன்னது. அவள் ஓடையோரத்து மரங்களை அப்படியே விட்டு, அடியில் கசப்புக்கொடி நட்டாள். பன்றிகூட மோந்து பார்த்துவிட்டு விலகிப்போகும் கொடி அது. ஆனால் எங்கள் காட்டின் பெரிய வண்ணத்துப்பூச்சிக்கு அதை விட்டால் வேறு கதி இல்லை. இரண்டு உள்ளங்கையைச் சேர்த்து விரித்து வைத்த அளவு இருக்கும் பெட்டை. இலை இலையாக இறங்கி, முன்னங்காலால் தட்டிச் சுவை பார்த்து, கொடி அதுதான் என்று தெரிந்தபிறகே இலைக்கு அடியில் ஒரே ஒரு முட்டை வைக்கும். வேறு தழையைப் போட்டால் புழு பட்டினி கிடந்து சாகும், வாய் வைக்காது. கறுத்த உடம்பு, சிவப்பு முள், இடுப்பில் வெள்ளைப் பட்டை. சீண்டினால் தலைக்குப் பின்னாலிருந்து கவைக்கொம்பு ஒன்றை நீட்டி நாற்றம் விடும்.

கொடி மரமேறித் தழைக்க ஆறு வருடம் ஆனது. ஏழாம் வருடம் அக்கா நான் மருந்து கொடுக்கும் கொட்டகைக்கு மூச்சிரைக்க ஓடி வந்தாள். "வந்துட்டாடி! என் கண்ணு முன்னால முட்டை வச்சிட்டுப் போறா!" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

இந்த வருடம் பதினோரு புழு. சேதி எப்படியோ பொப்பொண்டெட்டா நகரத்துக்குப் போய், அந்த இடத்தைப் பாதுகாக்கப் போகிறோம் என்று அதிகாரிகளும் வெளிநாட்டார் சிலரும் வருவதாக ஏற்பாடானது. கவுன்சிலர் சிரெப்பா, டல்சி அக்காளின் கொழுந்தன். நேற்றுவரை அவளை வாய்க்கு வந்தபடி திட்டியவன், ஒரே நாளில் வண்ணத்துப்பூச்சிக் காவலன் ஆகிவிட்டான்.

விருந்தாளி வருகிறார் என்றால் எங்கள் ஊரில் தரையில் ஒரு புல் இருக்கக் கூடாது. களை கிடந்தால் வந்தவரை அவமதித்ததாக அர்த்தம். அவர்கள் வருவதற்கு முதல் நாள் டல்சி அக்காளை விருந்துக்குச் சேப்பங்கிழங்கு சீவ அனுப்பிவிட்டு, ஆண்கள் வெட்டுக்கத்தியோடு சாலையிலிருந்து ஓடை வரைக்கும் சுத்தம் செய்தார்கள். சாயங்காலம் அவள் திரும்பி வந்தபோது மரங்கள் மட்டும் நின்றன. கீழே துடைப்பக்கீற்று பதிந்த வெறும் மண். கொடிகள் வேரோடு பிடுங்கப்பட்டு ஓரமாகக் குவிந்து கிடந்தன.

"சிரெப்பா! யாருடா என் கொடியில கை வச்சது?"

"கத்தாத அண்ணி. பெரிய மனுசங்க வர்ற எடம் குப்பையாவா கெடக்கும்? ஊரு மானம் போயிடும்."

"அவங்க எதைடா பார்க்க வர்றாங்க?"

"பூச்சியத்தான்."

"அது எதைத் திங்கும்? உன் மானத்தையா?"

"வேற தழையப் போடேன். நம்ம ஊர்ல எலைக்கா பஞ்சம்?"

இப்படிப் பேசுகிறவனைத்தான் நாங்கள் ஓட்டுப் போட்டு உட்கார வைத்திருக்கிறோம். அடுத்த கசப்புக்கொடி மலையடிவாரத்தில் இருக்கிறது. ஒரு பகல் நடை, வழியெல்லாம் எண்ணெய்ப்பனை. அக்கா குவியலைக் கிளறிக் கிளறித் தேடினாள். நான்கு புழுதான் உயிரோடு கிடைத்தது. ஒரு துண்டுக் கொடியைத் தண்ணீர்ப் பானையில் நிறுத்தி அதில் ஏற்றி வைத்தாள்.

மறுநாள் மேளம், இறகுக் கிரீடம், பன்றிக்கறி. வண்ணத்துப்பூச்சிக் காப்பிடம் என்று எழுதிய பலகையைத் திறந்தார்கள். சிரெப்பாவுக்கு மாலை விழுந்தது. மொழிபெயர்க்க என்னை நிறுத்தியிருந்தார்கள். மைக்கைப் பிடித்துக்கொண்டு அவன் சொன்ன அத்தனை பொய்யையும் நான்தான் திருப்பிச் சொன்னேன். வெட்கமாக இருந்தது.

அப்போது பெட்டை வந்தது. மரத்தைச் சுற்றியது, இறங்கியது, பந்தலில் கட்டியிருந்த இஞ்சி இலையைத் தட்டிப் பார்த்துவிட்டு எழுந்தது. பந்தல் மூங்கிலைத் தட்டியது. மறுபடி மரத்துக்கே போனது. "நமக்காக நடனமாடுகிறது!" என்றார் தலைமை விருந்தினர். எல்லாரும் படம் பிடித்தார்கள், கைதட்டினார்கள்.

கூட்டத்தின் பின்னால் டல்சி அக்கா பானையை அணைத்துக்கொண்டு நின்றிருந்தாள். பெட்டை தாழ்ந்து வந்து அந்தத் துண்டுக் கொடியில் உட்கார்ந்தது. தட்டிப் பார்த்தது. வயிற்றை வளைத்து, நாளைக்குக் காய்ந்துபோகும் இலைக்கு அடியில் ஒரு முட்டை வைத்தது. கைதட்டல் இன்னும் பலத்தது.

"எதுக்குய்யா கை தட்றீங்க?" என்று அக்கா வீறிட்டாள். "அவ ஆடல! புள்ளைக்குச் சோறு தேடி அலையுறா! இருந்ததையெல்லாம் உங்களுக்காக வெட்டிப் போட்டுட்டாங்க!"

"என்ன சொல்கிறார்?" என்று விருந்தினர் என்னிடம் கேட்டார்.

"சந்தோசத்துல நன்றி சொல்றாங்கன்னு சொல்லு," என்று சிரெப்பா என் காதில் பல்லைக் கடித்தான்.

நான் மைக்கை வாயருகே வைத்து, அவள் சொன்னதை ஒரு சொல் குறையாமல் சொன்னேன்.