பத்து மணி மொச்சையும் ரவ்ஹியாவின் பதவியும்

எகிப்தின் தமன்ஹூர் பாசன அலுவலகத்தில் காலை பத்து மணிக்குக் கோப்புகள் ஒதுங்கும். மேசையில் பழைய செய்தித்தாளை விரித்து, ரொட்டியும் ஃபூல் மொச்சையும் வெங்காயமும் வைப்பார்கள். எல்லோருக்கும் ஒரே தட்டு. அதில் கை வைக்காதவர் பகையாளி.

தட்டச்சராக வந்து கால்வாய்க் கணக்கு வரை உயர்ந்த ரவ்ஹியா, திங்களும் வியாழனும் அந்த மேசைக்கு வருவதில்லை. கணவர் இறந்த ஆண்டு தொடங்கிய நோன்பு. கடமையில்லாத நோன்பை வெளியே சொன்னால் அதன் பலன் போய்விடும் என்று நம்பினார். கேட்டவர்களிடம், "வயிறு சரியில்ல" என்பார்.

புது இயக்குநர் பார்வையிட வந்ததெல்லாம் திங்கட்கிழமைகளில். ஜன்னலோரம் தனியாக இருந்த அம்மாளைக் கண்டார். ஆண்டு மதிப்பீட்டில், 'சக ஊழியர்களோடு ஒட்டாதவர். சராசரி' என்று எழுதினார். வழக்கமாக எல்லோருக்கும் 'மிகச் சிறப்பு' விழுகிற இடம் அது. சராசரி வாங்கியவருக்குப் பதவி உயர்வு கிடையாது. ஓய்வுக்கு முன் ரவ்ஹியாவுக்கு எஞ்சியிருந்ததே பிரிவுத் தலைவர் பதவி ஒன்றுதான். அவர் விழுந்தால் அது அடுத்த இடத்திலிருந்த வக்திக்குப் போகும்.

மேல்முறையீட்டுக் குழு கைவிரித்தது. ரவ்ஹியா நிர்வாக நீதிமன்றத்துக்குப் போனார்.

"ஏன் தனியா உட்கார்றீங்கன்னு காரணம் சொல்லுங்க மேடம்" என்றார் வக்கீல்.

"அது எனக்கும் படைச்சவனுக்கும் உள்ள விஷயம்."

"அப்ப அவனத்தான் சாட்சிக்குக் கூப்பிடணும். எங்கிட்ட நம்பர் இல்லையே."

விசாரணை நாளில், யாரும் கூப்பிடாமல் வக்தி வந்து நின்றார்.

"ஐயா, திங்களும் வியாழனும் அவங்க நோன்பு. அவங்க பங்கு மொச்சைய வருஷக்கணக்கா நான்தான் தின்னுக்கிட்டிருக்கேன். என் தொப்பையே சாட்சி."

"சொன்னாங்களா உங்ககிட்ட?" என்றார் நீதிபதி.

"சொல்லுவாங்களா? நாங்க கிறிஸ்தவங்க, வருஷத்துல பாதி நாளு விரதம். பசிய மறைக்கிற முகம் எனக்குத் தெரியாதா? எங்க பெரிய விரதம் வந்தா நெய், பால், கறி எதுவும் ஆகாதுன்னு, ஆளிவிதை எண்ணெய் ஊத்தி எனக்குன்னு தனிக் கிண்ணம் வைப்பாங்க. இவங்களா ஒட்டாதவங்க?"

அரசு வக்கீல் குறுக்கிட்டார். "இவங்க ஜெயிச்சா உங்களுக்குப் பதவி இல்ல. தெரியும்ல?"

"தெரியும் சார். காலையில என் பொண்டாட்டியும் அதத்தான் கேட்டா."

மதிப்பீடு ரத்தானது. தீர்ப்பு வந்த மாலை, நோன்பு திறக்கும்போது ரவ்ஹியா தன் பிள்ளைகளின் பெயர்களுக்கு முன்னால் வக்தியின் பெயரைச் சொல்லிப் பிரார்த்தித்தார்.

பிரிவுத் தலைவராக அவர் உட்கார்ந்த முதல் நாளும் திங்கட்கிழமைதான். வக்திக்குப் பெரிய விரதக் காலம். பத்து மணிக்கு ரவ்ஹியா தானே வந்து மேசையில் அமர்ந்தார். ஒன்றும் உண்ணவில்லை, எல்லோருக்கும் ரொட்டியைப் பிய்த்து வைத்தார். எண்ணெய் ஊற்றிய கிண்ணம் வக்தியின் முன்னால் நகர்ந்தது.

"என் ரகசியத்த ஊருக்கே சொல்லிட்ட. சாப்பிடு. இந்த வருஷம் உன் மதிப்பீட்ட எழுதப்போறது நான்தான்."

"அப்படின்னா இன்னும் கொஞ்சம் எண்ணெய் ஊத்துங்கக்கா" என்றார் வக்தி.

ரவ்ஹியா கிண்ணம் வழிய ஊற்றினார்.