மாலை படாத படம்

மெல்பனின் டண்டினொங் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்றபோது பரமேஸ் அக்காவின் பெறாமகள் எனக்குப் போன் எடுத்தாள். "பெரியம்மா எங்களை விட்டிட்டு மோசம் போட்டா, அன்ரி." "விசர்க்கதை கதையாதை பிள்ளை! நேற்றும் என்னோட சிரிச்சுக் கதைச்சவ" என்று அவள்மேல் எரிந்து விழுந்தேன். ரயில் வந்து போனது. நான் ஏறவில்லை.

அக்காவும் நானும் பிஸ்கட் தொழிற்சாலையில் பக்கத்தில் பக்கத்தில் நின்று வேலை செய்தவர்கள். இலங்கையில் போர் முடிந்தபோது இராணுவத்திடம் சரணடைந்த அவருடைய மகன் சுதன் திரும்பி வரவேயில்லை. மெல்பனில் எந்தப் போராட்டம் என்றாலும் சட்டம் போட்ட அவன் படத்தோடு வருவார். பஸ்ஸில் சன்னலோர ஆசனம் படத்துக்குத்தான். எனக்கு நிற்க இடம். "பொடியன் பராக்குப் பார்க்கட்டுமன்" என்பார்.

இங்கே நம் சனம் கூடிய அந்த ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம், இதை வாசிக்கும் உங்களில் பலருக்கு நினைவிருக்கும். நம் பிள்ளைகள் நல்ல மனதோடுதான் காணாமற்போனவர்களின் படங்களுக்கெல்லாம் மாலை போட்டார்கள். செத்தவர் படத்துக்கல்லவா நாம் மாலை போடுவோம்! அக்கா சுதன் படத்து மாலையைப் பிய்த்தெறிந்தார். "ஆர் சொன்னது என்ர பிள்ளை செத்துப்போனான் எண்டு?" மேடைப் பேச்சு நின்றுவிட்டது.

எங்களோடு நிற்க வந்திருந்த ஆஸ்திரேலியப் பூர்வகுடிப் பெண்மணி ரோஸ் அன்ரி, என்ன நடந்தது என்று என்னிடம் கேட்டறிந்தார். பிறகு அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு பேசினார். அவர் சொன்னதை நான் தமிழில் சொன்னேன். ரோஸ் அன்ரி சிறுமியாக இருந்தபோது, பூர்வகுடிப் பிள்ளைகளைப் பறித்து வந்த அரசாங்கத்து ஆட்கள் அவருடைய தம்பியையும் தூக்கிக்கொண்டு போய்விட்டார்களாம். அவருடைய சனத்தில் இறந்தவரின் பெயரைச் சொல்ல மாட்டார்கள். அம்மாவோ மகன் பெயரைச் சாகும்வரை ஒவ்வொரு நாளும் சத்தமாகக் கூப்பிட்டாராம்.

"பிறகு வந்தவனோ?" என்றார் அக்கா.

வந்தானாம், அம்மா போன பிறகு.

"பரவாயில்லை. வந்தவன்தானே" என்றார் அக்கா.

ரோஸ் அன்ரியின் அம்மாவுக்கும் எங்கள் அக்காவுக்கும் இரண்டு அரசாங்கங்கள் சொன்ன பதில் ஒன்றுதான்: தெரியாது. நாசமாய்ப் போக!

செத்தவீட்டில் வைக்க அக்கா தனியாக நிற்கும் படம் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. எல்லாவற்றிலும் சுதனின் படத்தை நெஞ்சோடு அணைத்திருக்கிறார். அப்படி ஒன்றைத்தான் வைத்தோம். மாலை அவன்மேல் படாதபடி ஒதுக்கி ஒதுக்கி ஊசி குத்தினேன். "காணும், விடுங்கோ அன்ரி" என்றார்கள். விடுவேனா?

சுதனின் படம் இப்போது என் வீட்டில், சன்னலோரக் கதிரையில் இருக்கிறது. வேலைக்குக் கிளம்பும்போது சத்தமாகத்தான் சொல்லுகிறேன்: "சுதன், போட்டு வாறன்."