சிவப்புப் பாண்டாவின் பங்காளி

வழவழப்பான ஆங்கிலப் பத்திரிகைத் தாளில் அச்சு மையும் துவரம்பருப்பும் கலந்த ஒரு வாசனை அடிக்கும். எண்பதுகளின் தொடக்கத்தில், கடத்தூரில் அப்பா நடத்திய மளிகைக்கடைக்குப் பொட்டலம் கட்ட எடைக்கு வாங்கும் பழைய காகிதக் கட்டுகளில் அந்தத் தாள்களும் சேர்ந்து வரும். மடித்தால் நிற்காமல் விரிந்துகொள்வதால் அப்பா அவற்றை "வழுக்குத் தாளு" என்று ஒதுக்கி வீட்டுக்குக் கொடுத்தனுப்பிவிடுவார். அக்கா செல்வி அவற்றைச் சமையலறை அலமாரியில் விரித்து, மேலே பாத்திரங்களைக் கவிழ்ப்பாள்.

அக்கா அப்போது பள்ளிக்குப் போகவில்லை. அம்மாவுக்கு மூட்டுவாதம் வந்து உட்கார்ந்தால் எழ முடியாமல் போனபோது, அவள் ஒன்பதாம் வகுப்பு முடித்திருந்தாள். யாரும் அதட்டி நிறுத்தவில்லை. பள்ளி திறந்த அன்று காலை எனக்குத் தலை பின்னிவிட்டு உலை வைக்கப் போனாள், அவ்வளவுதான்.

ஒருநாள் நான் பள்ளி விட்டு வந்தபோது, அலமாரியிலிருந்து பாத்திரங்களையெல்லாம் தரையில் இறக்கி வைத்துவிட்டு, அகராதியும் கையுமாக அந்தத் தாளின்மேல் கவிழ்ந்திருந்தாள். இமயமலைக் காட்டில் மரமேறி வாழும், பூனையைவிடச் சற்றே பெரிய சிவப்புப் பாண்டாவைப் பற்றிய கட்டுரை அது. அதற்கு ஒரு பழங்கால உறவு விலங்கு இருந்ததாம்; பல லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே அழிந்துபோனதாம். ஐரோப்பாவில் தாடைத் துண்டுகளும் பற்களும் கிடைத்தன; கடல் தாண்டி அமெரிக்காவில் கிடைத்ததோ ஒரே ஒரு கடைவாய்ப்பல்.

"பாரு புள்ள, இதுக்கு அது பங்காளி மொற. ஒத்தப் பல்லு வச்சுக் கண்டுபுடிச்சிருக்காங்க" என்றாள். அவள் முகம் அப்படி மலர்ந்து பார்த்து வெகுநாளாகியிருந்தது.

எட்டாம் வகுப்பில் இருந்த எனக்கு அந்த மாதம் பள்ளியில் அறிவியல் கண்காட்சி. அக்காதான் அட்டையில் எல்லாம் எழுதித் தந்தாள். அழிந்துபோன அந்த விலங்கின் பல்லை மட்டும் கறுப்பு மையில் அழுத்தமாக வரைந்து, உடலை வெறும் புள்ளிக்கோடாக விட்டாள். எனக்கு அது மொட்டையாகத் தெரிந்தது. மறுநாள் பள்ளியில் அவளுக்குத் தெரியாமல் உடம்பு முழுக்கச் சிவப்பு வண்ணம் அடித்து, வாலில் வளையங்களும் போட்டுவிட்டேன். கீழே என் பெயரை மட்டும் பெரிதாக எழுதிக்கொண்டேன்.

பரிசுக்குரியவற்றைத் தேர்வு செய்யத் தருமபுரியிலிருந்து விலங்கியல் பேராசிரியர் ஒருவர் வந்திருந்தார். அட்டையை வெகுநேரம் பார்த்தார்.

"பல்லும் தாடையும்தான கெடச்சுதுன்னு எழுதியிருக்க? அது செவப்புன்னு யாரு சொன்னா?"

நான் திரும்பி அக்காவைத் தேடினேன். பெற்றோரும் ஊராரும் நின்ற கூட்டத்திலிருந்து, மஞ்சள்கறை படிந்த தாவணியோடு வந்திருந்த அக்கா ஓரடி முன்னால் வந்தாள்.

"அது தெரியாதுங்க சார். பல்லோட மேடு பள்ளம் இப்ப இருக்கறதோட பல்லு சாடையிலயே இருக்குதுங்க, அளவு மட்டும் பெருசு. அதனால ஒறவுன்னு சொல்றாங்க. நெறமெல்லாம் யாருக்கும் தெரியாதுங்க."

அவர் அவளை நிமிர்ந்து பார்த்தார். "தெரியாததத் தெரியாதுன்னு சொல்றம்மா, நல்லது. எந்த வகுப்பு?"

"நின்னுட்டனுங்க."

பரிசு எனக்குத்தான் தந்தார்கள். பெயர் என்னுடையது அல்லவா? மேடையேறி வாங்கிக்கொண்டு வந்தேன். வண்ணம் அடித்ததற்காக அக்கா ஒரு சொல் கடிந்துகொள்ளவில்லை. வீட்டுக்குப் போனதும் அரிசி களையத் தொடங்கினாள். அவள் முதுகைப் பார்த்தபடியே பரிசைப் பைக்குள் ஒளித்து வைத்தேன்.

இரண்டு நாள் கழித்து, அக்காவை மறுபடி பள்ளிக்கு அனுப்பச் சொல்லித் தலைமையாசிரியை எங்கள் கடைக்கே வந்தார். அப்பா எழுந்து நின்று, "வூட்ல ஆளில்லீங்க டீச்சர், அவ அம்மாவுக்கு நடக்கவே முடியல, நான் என்ன பண்ணட்டுங்க?" என்று தழுதழுத்தார். அவர் கல்மனக்காரர் அல்லர். அவருக்கு வேறு வழி தெரியவில்லை, அவ்வளவே. அங்கே உப்பு மூட்டைமேல் உட்கார்ந்திருந்த நான் எழுந்தேன். "காலைல நான் ஆக்கறேன்ப்பா. தண்ணியும் நானே எடுத்தாறேன். அக்கா போவட்டும். அட்டைல எழுதுனதெல்லாம் அவதான், நான் இல்ல" என்று சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டேன்.

அடுத்த ஜூனில் அக்கா பத்தாம் வகுப்புக்குப் போனாள். நான் வடித்த சோறு பல நாள் குழைந்தது. அம்மா கட்டிலில் இருந்தபடியே பக்குவம் சொல்வாள், அப்பா ஒன்றும் சொல்லாமல் சாப்பிடுவார். கணக்கில் தட்டுத்தடுமாறித்தான் அக்கா தேறினாள். அதற்குமேல் படிப்பு நடக்கவில்லை. தீர்த்தமலைப் பக்கம் வாழ்க்கைப்பட்டுப் போனவளுக்கு அந்தப் பத்தாம் வகுப்புச் சான்றிதழால் அங்கன்வாடிப் பணியாளர் வேலை கிடைத்தது.

இன்று எங்கள் கடை இருந்த இடத்தில் செல்போன் விற்கிறார்கள். காகிதத்தில் பொட்டலம் மடிக்கத் தெரிந்தவர்கள் அந்தத் தெருவில் யாருமில்லை. அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். அந்த அட்டையைக் கரையான் தின்று எத்தனையோ வருடமாயிற்று.

சென்ற மாதம் அக்கா பணி ஓய்வு பெற்றாள். பாராட்டுக் கூட்டத்தில் பேச வந்த அதிகாரி, "அம்மா என்ன படிச்சிருக்கீங்க?" என்று கேட்டார். நான் பின்வரிசையில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தேன். அக்கா ஒலிபெருக்கியைத் தன் பக்கம் இழுத்து, கூடம் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்:

"பத்தாவது பாஸுங்க. எந் தங்கச்சி படிக்க வச்சா."