அடித்து வாங்கிய வாக்குமூலம்

மொழிபெயர்ப்பாளன் பிழைப்பு இருக்கிறதே, அடுத்தவர் சொன்னதற்கெல்லாம் நாம் திட்டு வாங்குகிற பிழைப்பு. தொண்ணூறுகளில் வளைகுடாவில், ராஸ் அல் கைமாவில் ஒரு டைப்பிங் சென்டரில் விசா விண்ணப்பம் தட்டிக்கொண்டிருந்தேன். ஊரில் மதரஸாவில் படித்த அரபி கைகொடுத்ததால், தமிழ் ஆள் யாராவது வழக்கில் சிக்கினால் விசாரணை அதிகாரியின் அறைக்கு என்னைக் கூப்பிடுவார்கள். கேம்ப் ரூமில் அடுக்குக் கட்டிலில் குப்பை கொட்டியவர்களுக்கு இது ஒன்றும் புதிதாக இருக்காது.

ரூம் கோர்ட்

சிமென்ட் ஃபாக்டரி கேம்பில் ஒருவர் லீவில் ஊருக்குக் கொண்டுபோக வாங்கி, பெட்டியில் பூட்டி வைத்திருந்த புத்தம்புது டேப் ரிக்கார்டர் காணாமல் போனது. போலீசில் சொல்லிவிட்டுப் பொறுமையாக இருக்க நம் ஆட்களால் முடியுமா? ஃபோர்மேன் ராசு தலைமையில் ரூமிலேயே கோர்ட் கூடிவிட்டது. அங்கே இருப்பதிலேயே வாயில்லாப் பூச்சி அறந்தாங்கிப் பக்கத்து ஆறுமுகம். சந்தேகமும் சரியாக அவர் மேல்தான் விழுந்தது. ஆளாளுக்கு அடித்தார்கள், அவரும் ஒத்துக்கொண்டார்.

மறுநாள் வீங்கிய முகத்தோடு அவரை விசாரணைக்கு அழைத்து வந்தார்கள். குற்றம் உறுதியானால் ஜெயில், அப்புறம் விசா கேன்சல். நிலத்தை விற்று வந்த மனிதர், வெறுங்கையோடு ஊர் திரும்ப வேண்டியதுதான். பேச்சுக் கொடுத்தேன், தான் எடுக்கவே இல்லை என்றார். "செய்யாததை ஏன் ஒத்துக்கிட்டீங்க?" என்று வராந்தாவில் கேட்டேன்.

"ஊருப் பஞ்சாயத்துல, தப்புத்தான்னு கால்ல விழுந்துட்டா விட்டுருவாக பாய். இங்கயும் அப்புடித்தான்னு நெனச்சேன். காலையில டூட்டிக்குப் போவணும்ல?"

பெட்டியின் பூட்டு

விசாரணை அதிகாரி எகிப்துக்காரர், கெய்ரோவில் சட்டம் படித்தவர். ராசு முந்திக்கொண்டு, "ஒத்துக்கிட்டான் சார், கலாஸ், முடிஞ்சுது!" என்றார். அதிகாரி அதைச் சட்டை செய்யவே இல்லை. ஆறுமுகத்துக்கு நாற்காலி போடச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார். அப்புறம் நிதானமாக, "பெட்டி பூட்டியிருந்ததே, எப்படித் திறந்தாய்?" என்றார். நான் தமிழில் கேட்டேன்.

ஆறுமுகம் திருதிருவென்று விழித்தார். பிறகு, பின்னால் நின்ற ராசுவைத் திரும்பிப் பார்த்து மிகுந்த மரியாதையோடு கேட்டார்:

"அண்ணே, பொட்டிய எப்புடித் தொறந்தேன்?"

சுலைமானி

அதை அப்படியே மொழிபெயர்த்தேன். அதிகாரி சிரித்துவிட்டு, சட்டென்று முகம் மாறி, என்னைத் தவிர எல்லோரையும் வெளியே அனுப்பினார். எனக்கும் பாலில்லாத சுலைமானி டீ ஒன்று வந்தது. "அடித்துக் கேட்டால் உடம்பில் பலமுள்ள திருடன் தப்பிப்பான், பலமில்லாத அப்பாவி மாட்டுவான். இது என் கண்டுபிடிப்பு இல்லை" என்று ஆரம்பித்தார். இருநூறு வருஷத்துக்கு முந்தைய ஐரோப்பாவில் வதைத்து வாக்குமூலம் வாங்குவது சட்டப்படியே நடந்ததாம். அறிவொளிக் காலத்துச் சிந்தனையாளர்கள் சிலர் அதை எதிர்த்துப் பேனா பிடித்தார்கள். குற்றத்தின் அளவுக்குத்தான் தண்டனை. அது கொடூரமாக இருப்பதைவிடத் தப்ப முடியாததாக இருந்தால் போதும். நிரூபிக்கும்வரை எவனும் குற்றவாளி இல்லை. இந்த யோசனைகள் பிரெஞ்சுச் சட்டத்தில் ஏறி, எகிப்துக்குப் போய், எகிப்து வக்கீல்களோடு வளைகுடாவுக்கும் வந்தனவாம்.

அடித்து வாங்கிய ஒப்புதல் செல்லாது என்று மதரஸாவில் எங்கள் உஸ்தாதும் சொல்லித்தந்திருக்கிறார். இரண்டும் ஒரே மேஜையில் சந்தித்ததில் எனக்குப் புல்லரித்துவிட்டது. எங்கோ, யாரோ உட்கார்ந்து எழுதியது, ஒரு சிமென்ட் தொழிலாளியின் வாழ்க்கையைக் காப்பாற்றுகிறதே! வாய்விட்டே பாராட்டினேன். அவர் டீயை உறிஞ்சிக்கொண்டு சொன்னார்:

"அடித்தே உண்மையை வாங்கிவிடலாம் என்றால், எனக்கு எதற்குச் சம்பளம்?"

யார் அடித்தது?

ஆறுமுகத்தைத் தனியாகக் கூப்பிட்டு, உன் மேல் வழக்கு இல்லை, போகலாம் என்றார். அவர் அழுதுவிட்டார். உன்னை அடித்தவர்கள் யார், பெயரைச் சொல் என்று அதிகாரி கேட்டதும் அழுகை நின்றுவிட்டது. கதவுப் பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டு, தணிந்த குரலில் சொன்னார்:

"அவுககூடத்தானே சார் இன்னக்கிப் படுக்கணும்?"

திருடன் கிடைத்தான்

அதிகாரி அன்றே கம்பெனிக்குப் பேசி ஆறுமுகத்தை வேறு ரூமுக்கு மாற்ற வைத்தார். இனி யார் மேலாவது கைபட்டால் உள்ளே போவது நீதான் என்று ராசுவையும் எச்சரித்தார். கொஞ்ச நாளில், டேப் ரிக்கார்டரைப் பறிகொடுத்தவர் அதைப் பழைய சாமான் கடை ஒன்றில் பார்த்துவிட்டார். விற்றவன் யாரென்று கடைக்காரர் அடையாளம் காட்டினார். சாட்சாத் ராசுவின் மச்சான்!

அந்த வெள்ளிக்கிழமை ஆறுமுகம் என்னைச் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார். பக்கத்து ரூமில் சத்தம் கேட்டு ஓடினோம். மச்சானைச் சுவரோரம் நிறுத்தி, அவமானம் தாங்காத ராசுவே பெல்ட்டைக் கழற்றிக்கொண்டிருந்தார். எச்சரிக்கையெல்லாம் காற்றில் போயிருந்தது. நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். ஆறுமுகம் நேரே உள்ளே போய் அந்த மச்சானுக்கு முன்னால் நின்றார்:

"போலீசுல போயிச் சொல்லுங்கண்ணே, அவுக விசாரிக்கட்டும். இவன் மேல ஒரு அடி விழுந்துச்சு, பொட்டிய நான்தான் தொறந்தேன்னு மறுபடியும் ஒத்துக்குவேன்."

ஐரோப்பாவில் எழுதி, எகிப்தில் படித்து, கடல் தாண்டி வந்து சேர்ந்த அத்தனை பெரிய சங்கதியை, அந்த ரூமில் நான் ஒரு வார்த்தைகூட மொழிபெயர்க்காமலே எல்லோரும் புரிந்துகொண்டார்கள்.