அசனா உம்மாவின் ஆறு சட்டி

வெள்ளரிப்பழம் கத்திக்குக் காத்திருக்காது. பழுத்தால் தானே வெடித்துக்கொள்ளும். அதனால்தானோ என்னவோ, அதை மற்றப் பழங்களோடு கலந்து பழச்சலாது செய்வது ஒரு வேலையா என்று மூதூரில் பலருக்கும் ஒரு நினைப்பு இருந்தது. அசனா உம்மாவின் சட்டியிலிருந்து ஒரு கரண்டி அள்ளி வாயில் வைத்தவர்கள் மட்டும் அந்தப் பேச்சை எடுக்கமாட்டார்கள்.

அவருக்கு இதை யாரும் கற்றுக்கொடுக்கவில்லை. கலியாணம் முடித்த புதிதில் கணவர் அபூதாஹிர் திருகோணமலைத் துறைமுகத்தில், வெள்ளைக்காரக் கடற்படை அதிகாரிகளின் குசினியில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். லீவில் லோஞ்சுப் படகேறி வீட்டுக்கு வந்தால், துரைமார் சாப்பிட்டு முடிந்ததும் தின்கிற புரூட் சலட்டைப் பற்றி வாய் ஓயாமல் கதைப்பார். தகரத்தில் அடைத்து வந்த பழமாம், சீனிப்பாணியில் மிதக்குமாம், தின்றால் என்ன பழமென்றே பிடிபடாதாம்.

"என்ன பழமெண்டு தெரியாததத் திண்டுட்டு அதுக்கு ஒரு பெருமையா?" என்று அசனா உம்மா சிரித்தார். அடுத்த கிழமை தானே ஒன்று செய்து கணவர் முன்னால் வைத்தார். அபூதாஹிர் ஒரு சட்டியை ஒரே இருப்பில் காலி செய்துவிட்டு, துரைமார் பாவம் என்றார்.

செய்கிற விதத்தைச் சொன்னால் லேசாகத்தான் இருக்கும். வெள்ளரிப்பழத்தின் விதையை வழித்து, மாப்போல உதிர்கிற சதையைக் கையால் பிட்டுப் போடவேண்டும். கத்தி பட்டால் தண்ணீர் விட்டுவிடும் என்பார். மாம்பழம், கதலிப்பழம், கொஞ்சம் அன்னாசி, சீனி, ஏலக்காய்த் தூள், ஊறிப் பொங்கிய கசகசா. சட்டியைக் கிணற்றடி ஈரமணலில் கழுத்துவரை புதைத்துவைப்பார். ஐஸ்கட்டி எல்லாம் அந்தக் குளிர்ச்சிக்குக் கிட்ட வராது. தேங்காயின் முதற்பால் கடைசியில்தான். கச்சான் வெக்கைக் காற்று வீசுகிற காலத்தில் பாலை நேரத்தோடு விட்டால் புளித்து மானத்தை வாங்கிவிடும்.

நோன்பு மாதம் வருடாவருடம் கொஞ்சம் முன்னே நகர்ந்து, மாரி கோடையெல்லாம் சுற்றிவிட்டு வரும். அசனா உம்மா புதுப்பெண்ணாக இருந்தபோது அது வெள்ளரிக் காலத்தில் வந்தது. பிறகு அவரைவிட்டு மாரிப்பக்கம் போய், எழுபதுகளின் கடைசியில்தான் வெள்ளரிக்குத் திரும்பி வந்தது. அதுவரைக்கும் அந்த வீட்டு முறை வந்தால் பள்ளிவாசலுக்குப் போனது கஞ்சிதான்.

முறை என்பது அந்தத் தெருவின் வழக்கம். நோன்பு துறக்கிற நேரத்துக்குப் பள்ளிக்கு ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு வீடு ஏதாவது செய்து அனுப்பும். அன்றைக்கு யார் வீடு என்று பள்ளி நிர்வாகம் பார்க்கிற மரைக்காயர் முஹம்மது தம்பி பின்னேர அஸர் தொழுகை முடிந்ததும் சத்தமாகச் சொல்லுவார். "இண்டைக்கு அபூதாஹிர் வீட்டு முறை" என்று சொன்ன நாளில், பள்ளியில் ஆட்கள் வழக்கத்தைவிடக் கொஞ்சம் அதிகமாகவே இருப்பார்கள்.

எழுபத்தொன்பதாம் ஆண்டு பெருநாள் முடிந்த பிறகு அபூதாஹிர் மௌத்தானார். அடுத்த நோன்பு தொடங்குமுன் முஹம்மது தம்பி வீட்டு வாசலுக்கு வந்தார். தெரு முழுவதும் அண்ணனாக நினைத்துக் காக்கா என்று கூப்பிடுகிற நல்ல மனுசர். நல்ல மனதோடுதான் சொன்னார்.

"தங்கச்சி, நீங்களும் மகளும் தனிய. இனி உங்களுக்கு ஏன் இந்தக் கஸ்டம்? உங்கட முறையப் பள்ளியால நாங்க பாத்துக்கொள்றம்."

"காக்கா, மௌத்தானது அவர். வீடு இன்னும் நிக்குது" என்றார் அசனா உம்மா.

மரைக்காயர் தலையைச் சொறிந்தார். "சரி, மாசக் கடைசியில ஒரு நாள் தாறன். பாப்பம்."

அந்தப் 'பாப்பம்' அசனா உம்மாவின் நெஞ்சில் முள்ளாகக் குத்தியது. ஒரு சின்னப் பிழை போதும், அடுத்த வருடம் யாரும் வந்து வேண்டாமென்று சொல்லத் தேவையில்லை. தெருவில் முறை எண்ணும்போது இந்த வீட்டைத் தாண்டி அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார்கள்.

வெள்ளரியில் பிழை விடுவதும் சுலபம். கொடிக்குத் தண்ணீர் போதாவிட்டால் ஒன்றிரண்டு பழம் கசக்கும். மணத்திலும் தெரியாது, நிறத்திலும் தெரியாது. ஒரு கசப்புப் பழம் சட்டி முழுவதையும் கெடுக்கும். நோன்போடு இருப்பவர் ருசி பார்த்தாலும் நாக்கை நம்ப முடியாது. அதற்கு அசனா உம்மாவிடம் ஒரு வழி இருந்தது. பழம் கொண்டுவருகிற சம்பூர்க்காரி சிவகாமிப்பிள்ளையே ருசியும் பார்த்துச் சொல்லிவிடுவார். இறங்குதுறையில் வியாபாரம் முடிந்து வருகிற வழியில் அவர் குசினியில் குந்தி, கையில் ஒவ்வொரு துண்டாக வாங்கித் தின்று, "இது தேன், இது போடாதீங்க" என்று தீர்ப்புச் சொல்லுவார். நோன்பு மாதத்தில் அந்த வீட்டில் பகலில் வாய் அசைகிற ஒரே ஆள் அவர்தான்.

அந்த ஆடி மாதம் கிணறுகள் அடியைக் காட்டின. முறை நாளன்று அஸர் முடிந்தபிறகுதான் மாட்டுவண்டி வந்தது. கணவர் வீரக்குட்டி வண்டியை நிறுத்த, சிவகாமிப்பிள்ளை வாழைச்சருகு சுற்றிய ஆறு பழங்களை இறக்கினார். தலைமுடி ஈரம் காயாமல் கிடந்தது, நெற்றியில் திருநீறு.

"சுணங்கிப் போச்சு அசனா. தீர்த்தமாடப் போனனாங்கள். இண்டைக்கு ஆடி அமாவாசையெல்லோ."

அசனா உம்மா பழத்தைப் பிளந்து ஒரு துண்டை நீட்டினார். சிவகாமிப்பிள்ளை கையை நீட்டப்போய் அப்படியே நிறுத்தினார்.

"ஐயோ. அப்பாவுக்கு விரதம் எனக்கு. மத்தியானம் ஒருநேரச் சோறு முடிஞ்சுது. இனி நாளைக்குத்தான் வாயில ஏதும் வைக்கலாம்."

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். இருவரும் நிலவைப் பார்த்து நாள் எண்ணுகிறவர்கள்தான். நோன்பு முடிகிற நாட்களில் அமாவாசை வந்து நிற்கும் என்பது இரண்டு வீட்டுக் குழந்தைக்கும் தெரியும். இரண்டு கணக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் ஒருவருக்கும் தோன்றவில்லை. வண்டியடியில் நின்ற வீரக்குட்டியும் கையை விரித்தார். அவருடைய அப்பாவும் உயிரோடு இல்லை.

"இந்த வருசம் தண்ணி காணாது, ஒண்டாவது கைக்கும்" என்றார் சிவகாமிப்பிள்ளை. பிறகு சட்டென்று கையை நீட்டினார். "பரவாயில்ல, தாங்க. அப்பா கோவிக்கமாட்டார்."

அசனா உம்மா துண்டைப் பின்னால் இழுத்துக்கொண்டார். "அவர் கோவிக்காட்டி நான் கோவிப்பன். உங்கட வாப்பாக்குப் பிடிச்ச நோன்ப என்ட சட்டிக்காக முறிக்க விடமாட்டன்."

மகள் ஸல்ஹாவுக்கு அழுகை வந்துவிட்டது. "உம்மா, நாக்கு நுனியில வச்சுத் துப்பினா நோன்பு முறியாதெண்டு பள்ளி லெப்பை சொன்னாரே."

"முறியாது புள்ள. ஆனா விடியத்தால இருந்து காய்ஞ்ச நாக்கு சாட்சி சொல்ல ஏலாது. அதுக்கு இப்ப எது பட்டாலும் தேன்தான்."

அடுத்த வீட்டுச் சின்னப் பிள்ளைகளைக் கூப்பிட்டிருக்கலாம். ஆனால் சீனி தருகிற வீட்டில் கசக்கிறது என்று எந்தப் பிள்ளை சொல்லும்?

அசனா உம்மா எழுந்து, "ஸல்ஹா, பக்கத்து வீடுகள்ல சட்டி வாங்கிட்டு வா. பழத்துக்கு ஒரு சட்டி" என்றார். எப்போதும் ஒரே சட்டியில் கலப்பதை அன்றைக்கு ஆறாகப் பிரித்தார். ஒவ்வொரு பழமும் தனித்தனிச் சட்டியில், மாம்பழமும் கதலியும் பங்குபோட்டு. ஆறையும் ஈரமணலில் புதைத்து, நேரம் வந்ததும் பால் விட்டு, வீரக்குட்டியின் வண்டியிலேயே ஏற்றினார். முக்காட்டை இழுத்துப் போட்டுக்கொண்டு, சிவகாமிப்பிள்ளையோடு தானும் கூடவே நடந்தார்.

பள்ளி வாசலில் சட்டிகளை வரிசையாக வைத்துக்கொண்டு, ஒரு விதவைப் பெண் தெருவில் நிற்பதை அந்த ஊர் அதுவரை கண்டதில்லை. உள்ளே இருந்தவர்கள் எட்டிப்பார்த்து முணுமுணுத்தார்கள். முஹம்மது தம்பி படியிறங்கி வந்தார்.

"என்ன தங்கச்சி இது? உள்ள குடுத்துவிட்டா நாங்க வச்சுக்கொள்வம்தானே."

"பாங்கு சொல்லட்டும் காக்கா" என்றார் அசனா உம்மா.

பாங்கு சொன்னது. உள்ளே எல்லாக் கையும் பேரீச்சம்பழத்துக்குப் போனது. அவர்கள் அதைத் தின்று பள்ளியில் காய்ச்சிய கஞ்சியைக் குடித்து முடிக்கும்வரைதான் அவருக்கு அவகாசம். அசனா உம்மா தண்ணீரைக் குடித்து, வாயை நன்றாகக் கொப்புளித்துவிட்டு, தெருவில் நின்றபடியே முதல் சட்டியில் கரண்டியை வைத்தார். இனிப்பு. தலையசைத்தார். உள்ளேயிருந்து ஒருவர் வந்து எடுத்துப் போனார். இரண்டாவதும் போனது, மூன்றாவதும் போனது. நான்காவதில் அவருடைய முகம் சுருங்கியது. நாள் முழுவதும் காய்ந்து கிடந்த வாய்க்கு அப்படியொரு கசப்பு வந்து சேர்ந்தது. துப்பாமல் விழுங்கினார், மறுபடி கொப்புளித்தார், ஐந்தாவதுக்குப் போனார். ஐந்தும் ஆறும் நல்லது.

நல்ல சட்டிகள் உள்ளே போய்க் கொஞ்ச நேரத்தில் கரண்டிச் சத்தம் மட்டும் கேட்டது. முஹம்மது தம்பி வாயில் பழத்தோடு வெளியே வந்தார்.

"இந்த ஒண்டு ஏன் இஞ்ச கிடக்கு?"

"கைக்குது காக்கா."

மரைக்காயர் நம்பாமல் ஒரு கரண்டி அள்ளிப் போட்டுக்கொண்டார். அவருடைய தாடி ஒரு பக்கமாக இழுபட்டது. சிவகாமிப்பிள்ளை வெட்கத்தில் தலையைக் குனிந்து, "என்ட தோட்டத்துப் பழம்தான்" என்றார்.

மரைக்காயர் கசந்த சட்டியைப் பார்த்தார். எல்லாம் ஒரே சட்டியாக இருந்திருந்தால் உள்ளே என்ன நடந்திருக்கும் என்று அவருக்கு விளங்கிற்று. ஒரு பேரீச்சம்பழம்கூடத் தின்னாமல் தெருவில் நிற்கிற அந்தப் பெண்ணையும் பார்த்தார். பிறகு உள்ளே திரும்பி, அஸருக்குப் பிறகு சொல்வதைவிடச் சத்தமாகச் சொன்னார்.

"எல்லாரும் கேளுங்க! இண்டைக்கு அசனா உம்மா வீட்டு முறை. வாற வருசமும் அவங்கட முறைதான்."

சிவகாமிப்பிள்ளை அசனா உம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார். "கேட்டுதா அசனா? உங்கட பேரையெல்லோ சொல்றார்."

"கேட்டுது அக்கா" என்று சொன்ன அசனா உம்மா, முக்காட்டு நுனியை வாயில் பொத்திக்கொண்டு அந்தத் தெருவிலேயே விம்மி விம்மி அழுதார்.